நத்தார் மேசைக்கு உள்ளீடு வைத்த கோவாச் சுருள்: இனிப்பும் புளிப்புமாகச் சமைக்கும் முழு வழிகாட்டி

போன நத்தாருக்கு முதல் நாள், எதிர்வீட்டு மச்சாள் இறைச்சியும் அரிசியும் கலந்த உள்ளீட்டைக் காலை எட்டு மணிக்கே தயார் செய்துவிட்டார். பிறகு கோவா இலையைக் கழற்றத் தொடங்கினார். பத்து மணிக்கு நான் போய்ப் பார்த்தபோது ஐந்து இலைகள் கிழிந்து கிடந்தன, இரண்டுதான் முழுசாக இருந்தன, உள்ளீடு வெக்கையில் நீர்விட்டுத் தளர்ந்திருந்தது. அவருடைய கைப்பக்குவத்தில் ஒரு குறையும் இல்லை. வரிசை மட்டும் தலைகீழாகிவிட்டது.

கனடாவில் இருக்கும் என் அக்கா, தான் பராமரித்துவந்த ஒரு யூத மூதாட்டியிடம் இதைப் படித்து எனக்குச் சொல்லித் தந்தார். கிழக்கு ஐரோப்பிய யூதக் குடும்பங்கள் இனிப்பும் புளிப்புமான தக்காளிக் குழம்பில் வேகவைத்துப் பண்டிகைக்குப் பரிமாறும் முறை இது. மட்டக்களப்பில் கிடைக்கும் பொருட்களோடு ஆறு நத்தாருக்குச் செய்துவிட்டேன். எங்கள் ஒழுங்கைப் பெண்கள் எந்த இடத்தில் தடுமாறினார்கள் என்பதைக் குறித்து வைத்துக்கொண்டு எழுதுகிறேன். இந்த அளவுக்கு 16 சுருள் வரும். எட்டுப் பேருக்குப் போதும்.

1. கோவாவை 22ஆம் திகதியே வாங்குங்கள்

நமக்கு வரும் கோவா நுவரெலியா, வெலிமடைப் பக்கத்திலிருந்து லொறியில் இறங்குகிறது. மார்கழி மழையில் பதுளை வீதி தடைப்பட்டால் சந்தையில் இருப்பதைத்தான் எடுக்க வேண்டும். பண்டிகைக்கு முதல் நாள் விலையும் ஏறிவிடும். கடதாசியில் சுற்றி நிழலில் வைத்தால் கோவா நான்கைந்து நாள் கெடாது. வெளி இலை சற்று வாடினால் நல்லதுதான், சுருட்டும்போது எளிதில் வளையும்.

வறைக்கு வாங்கும்போது கல்லுப் போல இறுகிய கோவாவைத் தேடுவோம். இதற்கு அது உதவாது. இறுகிய கோவாவில் இலைகள் ஒன்றோடொன்று ஒட்டி மடிந்திருக்கும்; கழற்றினால் கிழியும். இரண்டு கைகளாலும் பிடித்து மெதுவாக அழுத்திப் பாருங்கள். உள்ளே காற்று இருப்பது போல் கொஞ்சம் அமுங்க வேண்டும். பருமனுக்குப் பாரம் குறைவாகத் தெரிய வேண்டும். ஒன்றரைக் கிலோவில் ஒன்று எடுங்கள், சுருட்டக்கூடிய இலை 14 முதல் 16 வரை கிடைக்கும். பயமாக இருந்தால் சிறியதாக இன்னொன்றும் வாங்குங்கள். மிஞ்சுவது வறைக்குப் போகும்.

2. மேசையில் எடுத்து வைக்க வேண்டியவை

உள்ளீட்டுக்கு: எலும்பு நீக்கிப் பொடியாகக் கொத்திய கோழித் தொடை இறைச்சி 500 கிராம், சம்பா அரிசி 100 கிராம், பம்பாய் வெங்காயம் 1, முட்டை 1, மிளகுத்தூள் 1 தேக்கரண்டி, உப்பு ஒன்றரைத் தேக்கரண்டி.

குழம்புக்கு: நன்கு பழுத்த தக்காளிப்பழம் 1 கிலோ, பம்பாய் வெங்காயம் 2, வெள்ளைப்பூண்டு 4 பல்லு, இஞ்சி ஒரு துண்டு, சிவப்புச் சீனி 3 மேசைக்கரண்டி, பிளம்ஸ் என்று கடையில் கேட்டு வாங்கும் முந்திரிகை வற்றல் 75 கிராம், கறுவாப்பட்டை ஒரு விரல் நீளம், கராம்பு 4, செத்தல் மிளகாய் 2, தேசிக்காய் 3, எண்ணெய் 3 மேசைக்கரண்டி, உப்பு.

மாட்டிறைச்சியிலும் செய்யலாம், குழம்பு இன்னும் கனமாக வரும். ஆனால் நத்தார் மதியத்தில் நம் வீடுகளுக்கு எல்லா வீட்டாரும் வருவார்கள், மாட்டிறைச்சி தொடாதவர்களும் அதில் இருப்பார்கள். அதனால் நான் கோழியிலேயே நிற்கிறேன். நெஞ்சு இறைச்சி வேண்டாம். அதில் கொழுப்பில்லை, ஒன்றரை மணி நேரம் வெந்தபின் தவிடு போல உதிரும்.

கறித்தூள் எடுக்காதீர்கள். கை தானாக அந்தப் போத்தலுக்குப் போகும், எனக்கும் போனது. ஒரு கரண்டி போட்டால் தக்காளியின் இனிப்பும் தேசிக்காயின் புளிப்பும் அடியில் போய் அது ஒரு கோழிக்கறியாகிவிடும். உறைப்புக்கு மிளகும் முழுச் செத்தல் மிளகாயும் போதும்.

3. சட்டியை முதலில் தீர்மானியுங்கள்

அகலமான, அடி தடித்த எவர்சில்வர் சட்டி அல்லது நன்கு பழகிய பெரிய மண்சட்டி. 16 சுருளும் இரண்டு அடுக்குக்குள் அடங்க வேண்டும். மூன்றாவது அடுக்கு வந்தால் அடியில் உள்ளவை நசுங்கும்.

விசேஷ நாட்களில் இறக்கும் பெரிய அலுமினியப் பானையை இதற்கு எடுக்காதீர்கள். தக்காளியும் தேசிக்காயும் அதில் நீண்ட நேரம் கிடந்தால் குழம்பில் உலோக வாடை ஏறும். அதை எந்தச் சீனியாலும் மறைக்க முடியாது.

4. இலை கழற்றுதல்

முழு வேலையிலும் பொறுமை தேவைப்படுவது இங்கேதான். 23ஆம் திகதி மாலையில், வேறு அடுப்பு வேலை இல்லாத நேரத்தில் செய்யுங்கள்.

வாடிய வெளி இலைகள் இரண்டு மூன்றை உரித்துக் கழுவித் தனியே வையுங்கள். எறிய வேண்டாம், சட்டிக்கு அடியில் விரிக்க வேண்டும். பிறகு கோவாவைக் கவிழ்த்து, கூர்மையான சிறிய கத்தியால் தண்டைச் சுற்றிச் சாய்வாக நான்கு வெட்டு வெட்டி, கூம்பு போலத் தோண்டி எடுங்கள். இலைகள் எல்லாம் அந்தத் தண்டில்தான் பிடித்துக்கொண்டிருக்கின்றன. அரை அங்குலம் தோண்டிவிட்டு நிறுத்தினால் உள் இலைகள் விடாது. பெருவிரல் முழுதாக உள்ளே போகும் அளவுக்கு ஆழம் வேண்டும்.

கோவா மூழ்கும் அளவு தண்ணீரில் இரண்டு மேசைக்கரண்டி உப்புப் போட்டுக் கொதிக்க விடுங்கள். தோண்டிய பக்கம் கீழே இருக்கும்படி கோவாவை இறக்கி ஐந்து நிமிடம் விட்டு, பிறகு புரட்டிப் போடுங்கள். சுடுநீர் உள்ளே இறங்கி இலைகளைத் தளர்த்தியிருக்கும். வெளி இலையின் அடியைக் கரண்டிக் காம்பால் நெம்பினால் அது தானாக விலகி மிதக்கும். விலகாத இலையை இழுக்காதீர்கள், இன்னும் ஒரு நிமிடம் கொடுங்கள். முழுக் கோவாவும் வெந்து தீரட்டும் என்று காத்திருப்பதும் பிழை. வெளி இலை குழைந்துவிடும், உள் இலை பச்சையாகவே இருக்கும். இரண்டிரண்டு இலையாகக் கழற்றிக்கொண்டே போக வேண்டும்.

கழன்ற இலையை அதே நீரில் ஒன்றிரண்டு நிமிடம் விட்டு எடுத்துச் சோதியுங்கள். தடித்த நரம்பைப் பின்பக்கமாக வளைத்துப் பாருங்கள். 'டக்' என்று முறிந்தால் வேகவில்லை. முறியாமல் ரப்பர் போல வளைந்தால் சரி. நனைந்த சீலை போல விரலில் தொங்கினால் கூடிப்போய்விட்டது. அதை அடியில் விரிக்கும் இலைகளோடு சேர்த்துவிடுங்கள்.

எடுத்த இலையை உடனே குளிர்ந்த நீரில் நனைத்து, குழிவான பக்கம் கீழே இருக்கும்படி சுத்தமான துணியில் பரப்புங்கள். மல்லாந்து கிடந்தால் குழிக்குள் நீர் தங்கும், அந்த நீர் பிறகு குழம்பைத் தண்ணீராக்கும். பரப்பும்போதே ஒவ்வொரு இலையையும் வெளிச்சத்தில் பாருங்கள். மடிப்புக்குள் புழு இருந்தால் இப்போதுதான் தெரியும்.

5. நரம்பைச் சீவுதல்

இலையின் முதுகுப் பக்கத்தில் நடு நரம்பு புடைத்து நிற்கும். கத்தியைப் படுக்கையாக வைத்து, புடைப்பை மட்டும் இலையின் மட்டத்துக்குச் சீவுங்கள். நரம்பை முக்கோணமாக வெட்டி எடுப்பவர்களும் உண்டு. இலையில் ஓட்டை விழும், சுருட்டிய பின் அந்த வழியாக உள்ளீடு வெளியே வரும். சீவாமல் விட்டாலும் தொல்லைதான். சுருள் அந்த இடத்தில் விறைத்து நின்று அவிழ்ந்துகொள்ளும்.

சீவிய இலைகளை ஈரத்துணியில் சுற்றி ஒரு பெட்டியில் போட்டுக் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். அடுத்த நாள் காலை வரை நன்றாக இருக்கும்.

6. குழம்பை உள்ளீட்டுக்கு முன் வையுங்கள்

குழம்பு காத்திருக்கலாம், பச்சை இறைச்சி காத்திருக்கக் கூடாது. அதனால்தான் குழம்பு முதலில்.

எண்ணெயில் கறுவாவும் கராம்பும் போட்டு, நீளமாக அரிந்த வெங்காயத்தைச் சிறு நெருப்பில் வதக்குங்கள். பொன்னிறமாக வர 15 நிமிடமாவது எடுக்கும். அவசரப்பட வேண்டாம், குழம்பின் இனிப்பில் ஒரு பங்கு இந்த வெங்காயத்திலிருந்து வருகிறது. தட்டிய வெள்ளைப்பூண்டும் இஞ்சியும் சேர்த்து மணம் வந்ததும், தோல் உரித்து நறுக்கிய தக்காளியையும் செத்தல் மிளகாயையும் போடுங்கள். தக்காளி கரைந்து, ஓரத்தில் எண்ணெய் தெரியத் தொடங்கியதும் சீனியும் இரண்டு தேக்கரண்டி உப்பும் இரண்டு கோப்பைத் தண்ணீரும் விட்டு, பத்து நிமிடம் கொதித்ததும் இறக்குங்கள். சீனியை முதலிலேயே போட்டால் அடியில் பிடித்துக் கசக்கும்.

தேசிக்காய் இப்போது வேண்டாம். அதன் முறை கடைசியில் வரும்.

தேங்காய்ப்பால் விடலாமா என்று ஒவ்வொரு வருடமும் யாராவது கேட்கிறார்கள். விடாதீர்கள். இவ்வளவு புளிப்பில் பால் திரிந்துவிடும். பழப்புளியும் வேண்டாம். நிறம் கறுக்கும், நாக்கு உடனே புளியாணத்தைத் தேடத் தொடங்கும்.

7. அரிசியை அரைவேக்காட்டில் எடுங்கள்

24ஆம் திகதி காலை இங்கிருந்து தொடங்குங்கள். நிறையத் தண்ணீரில் புழுங்கல் சம்பாவை 12 நிமிடம், பச்சையரிசியானால் 6 நிமிடம் வேகவிட்டு வடியுங்கள். ஒரு மணியைக் கடித்துப் பாருங்கள். வெளியே மென்மையாகவும் நடுவில் வெள்ளைப் புள்ளியாகவும் இருக்க வேண்டும். மீதி வேக்காட்டை அது சுருளுக்குள் இறைச்சிச் சாற்றைக் குடித்து முடித்துக்கொள்ளும். முழுதாக வெந்த சோறு அந்தச் சாற்றை வாங்காது, களியாகும். பச்சை அரிசியாகவே வைத்தால் அது உள்ளே பருத்து இலையைப் பிளக்கும்.

வடித்ததைச் சுளகில் பரப்பி நன்கு ஆறவிடுங்கள். சூட்டோடு கலந்தால் முட்டை அங்கேயே வெந்து திரளும்.

8. உள்ளீடு

வெங்காயத்தை அரியாமல் துருவுங்கள். துருவிய வெங்காயம் இறைச்சிக்கு ஈரம் கொடுக்கும்; அரிந்த துண்டுகள் நறுக்கென்று கடிபடும். இறைச்சி, ஆறிய அரிசி, வெங்காயம், முட்டை, மிளகு, உப்பு எல்லாவற்றையும் விரல் நுனியால் கலந்து, ஒன்றாகச் சேர்ந்ததும் நிறுத்துங்கள். ரொட்டி மாவு போல அழுத்திப் பிசைந்தால் உள்ளீடு இறுகிப் பந்து போலாகிவிடும்.

எலுமிச்சை அளவு எடுத்துத் தட்டையாக்கி, தாச்சியில் சுட்டுச் சாப்பிட்டுப் பாருங்கள். உப்பைத் திருத்த இதுவே கடைசிச் சந்தர்ப்பம். சுருட்டிய பிறகு உள்ளே எதையும் மாற்ற முடியாது. குழம்பு இனிப்பாக இருப்பதால் உள்ளீடு தனியாகச் சாப்பிடும்போது ஒரு துளி உப்புக் கூடுதலாகத் தெரிந்தால் சரியாக இருக்கும்.

9. சுருட்டுதல்

ரோல்ஸ் சுற்றத் தெரிந்த கைகளுக்கு இது புதிதில்லை, மடிப்பு அதேதான். இலையின் குழிவான பக்கம் மேலே, தண்டுப் பக்கம் உங்களைப் பார்க்க வையுங்கள். இரண்டு மேசைக்கரண்டி உள்ளீட்டை எடுத்து, விரல் போல நீட்டி, தண்டுப் பக்கத்திலிருந்து இரண்டு அங்குலம் தள்ளி வையுங்கள். தண்டுப் பக்கத்தை அதன்மேல் மடியுங்கள். இடமும் வலமும் உள்ளே மடியுங்கள். பிறகு முன்னோக்கி உருட்டுங்கள்.

ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. ரோல்ஸை இறுக்கிச் சுற்றுவோம். இதை அப்படிச் செய்யக்கூடாது, அரிசி பருக்க இடம் வேண்டும். உருட்டியதைக் கையில் எடுத்து மெதுவாக அழுத்தினால் தலையணை போல அமுங்க வேண்டும். ஓரங்கள் மட்டும் இறுக்கமாக மடிந்திருக்கட்டும்.

நூலும் பல்குத்தியும் தேவையில்லை. பல்குத்தி குத்திய இடத்தில்தான் இலை கிழியும், சாப்பிடும் பிள்ளையின் வாயிலும் அகப்படும். உள்ளிருந்து கழன்ற சிறிய இலைகள் இரண்டை ஒன்றின்மேல் ஒன்று பாதி படும்படி வைத்துச் சுருட்டலாம். கையகலத்துக்கும் குறைந்தவற்றை விட்டுவிடுங்கள்.

10. அடுக்குதல்

எடுத்து வைத்த வெளி இலைகளையும் கிழிந்தவற்றையும் சட்டியின் அடியில் இரண்டு தட்டாக விரியுங்கள். சீனி சேர்ந்த குழம்பு அடிப்பிடிக்கும் குணமுள்ளது. பிடித்தாலும் அந்த இலைகளோடு போகட்டும்.

மேலே இரண்டு அகப்பைக் குழம்பு விட்டு, சுருள்களை மடிப்பு வாய் கீழே இருக்கும்படி நெருக்கமாக அடுக்குங்கள். ஒன்றையொன்று தாங்கி நிற்பதால்தான் அவை அவிழாமல் இருக்கின்றன. இடைவெளி வந்தால் கோவாக் குருத்தைச் சீவி அங்கே செருகுங்கள். முதல் அடுக்கின்மேல் முந்திரிகை வற்றலைத் தூவி, குழம்பு ஊற்றி, இரண்டாவது அடுக்கை வைத்து மீதிக் குழம்பையும் ஊற்றுங்கள். மேல் அடுக்கின் முதுகு கொஞ்சம் வெளியே தெரியலாம். வேகும்போது கோவா தண்ணீர் விடும், மட்டம் ஏறும்.

கடைசியாக ஒரு பீங்கான் தட்டைக் கவிழ்த்து மேலே வையுங்கள். கொதியில் சுருள்கள் எழும்பி ஆடாமல் அது பிடித்துக்கொள்ளும்.

11. வேகவைத்தல்

ஒரு கொதி வந்ததும் நெருப்பை மிகக் குறையுங்கள். மூடிக்கடியில் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழி வர வேண்டும். கோழியானால் ஒன்றேகால் மணி நேரம், மாட்டிறைச்சியானால் இரண்டு மணி நேரம். விறகடுப்பில் வைப்பவர்கள் கொள்ளியை வெளியே இழுத்துத் தணலில் விடுங்கள். குமுறிக் கொதித்தால் அரைமணி நேரத்துக்குள் இலைகள் பிரிந்துவிடும்.

அகப்பையால் கிளறவே கூடாது. சட்டியின் இரு காதுகளையும் பிடித்து இடையிடையே மெதுவாக அசைத்துவிடுங்கள், போதும்.

12. புளிப்பு கடைசியில்

இதை ஏன் இவ்வளவு நேரம் ஒத்திவைத்தோம் என்றால், புளிப்புக் கூடிய நீரில் காய்கள் மெதுவாகத்தான் வேகும். தேசிக்காயை முதலில் விட்டவர்களுடைய கோவா இரண்டு மணி நேரம் கழித்தும் விறைப்பாக இருந்ததைக் கண்டிருக்கிறேன். தேசிச்சாறு நெடுநேரம் கொதித்தால் மணத்தையும் இழக்கும்.

ஒரு சுருளின் ஓரத்தைக் கரண்டியால் அழுத்துங்கள். கரண்டி எதிர்ப்பில்லாமல் இறங்கினால் இலை வெந்துவிட்டது. இப்போது தட்டை எடுத்துவிட்டு இரண்டு மேசைக்கரண்டி தேசிச்சாற்றைக் குழம்பில் விட்டு, சட்டியை அசைத்து, ஐந்து நிமிடம் பொறுத்துச் சுவையுங்கள். முதலில் புளிப்பு வர வேண்டும், விழுங்கிய பிறகு இனிப்பு நிற்க வேண்டும். முந்திரிகை வற்றலும் வெங்காயமும் தங்கள் இனிப்பை இதற்குள் கொடுத்து முடித்திருக்கும் என்பதால், இன்னும் சீனி வேண்டுமா என்பதை இந்த நேரத்தில்தான் சரியாகச் சொல்ல முடியும். பெரும்பாலும் வேண்டியிருக்காது. இன்னொரு கரண்டி தேசிச்சாறு வேண்டியிருக்கும்.

தேசிக்காய் கிடைக்காவிட்டால் அதே அளவு வினாகிரி விடலாம். அப்படியானால் பத்து நிமிடம் கொதிக்க விடுங்கள், அதன் காரம் போக வேண்டும்.

13. ஆறவைத்து அடுத்த நாள் பரிமாறுதல்

முதல் நாள் சமைத்ததை நத்தாரன்று சூடாக்கினால் ருசி கூடும். உள்ளீடு குழம்பைக் குடித்திருக்கும். நள்ளிரவுத் திருப்பலி முடிந்து வந்து படுத்து எழும்பும் காலையில் உங்களுக்கும் வேலை குறையும்.

ஆனால் சோறும் இறைச்சியும் சேர்ந்த பண்டம் நம் வெக்கையில் விரைவில் பழுதாகும். பெரிய சட்டியோடு விட்டால் நடுப்பகுதி பல மணி நேரம் சூடாகவே இருக்கும். இறக்கி அரை மணி நேரத்தில் சுருள்களை அகலமான தட்டுகளில் ஒரே அடுக்காக மாற்றி, இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். மறுநாள் சிறு நெருப்பில் 40 நிமிடம் சூடாக்கி, ஒன்றை நடுவில் வெட்டிப் பாருங்கள். உள்ளிருந்து ஆவி பறக்க வேண்டும். ஒரு முறைக்கு மேல் சூடாக்காதீர்கள்.

மழையில் மின்சாரம் நின்றுபோகும் இடத்தில் இருப்பவர்கள் முதல் நாள் குழம்பை மட்டும் வையுங்கள், இரவும் காலையும் ஒரு கொதி காட்டுங்கள். இலை, உள்ளீடு, சுருட்டல் எல்லாம் நத்தார் காலையில். ஏழு மணிக்குத் தொடங்கினால் பதினொன்றரைக்கு இறக்கலாம்.

14. மரக்கறிக்காரருக்குத் தனிச் சட்டி

திருவெம்பாவை விரதம் நத்தாரோடு சேர்ந்து வரும் வருடங்களில் சைவ அயலவர்களுக்கு இது அவசியம். இறைச்சிச் சட்டியில் ஓர் ஓரமாக வைப்பது மரியாதையாகாது. சட்டியும் அகப்பையும் வேறாக இருக்கட்டும்.

காளான் 300 கிராம், கஜு 50 கிராம், அரைவேக்காட்டு அரிசி 200 கிராம், வதக்கிய வெங்காயம் ஒன்று. முட்டைக்குப் பதிலாக அவித்து மசித்த உருளைக்கிழங்கு ஒன்று பிடித்துக்கொள்ளும். விரதகாரருக்கு வெங்காயமும் பூண்டும் ஆகுமா என்று முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். காளானை எண்ணெய் இல்லாமல் தாச்சியில் வதக்கி, அது விடும் நீர் முழுதும் வற்றிய பிறகே கலக்க வேண்டும். வற்றாமல் கலந்தவரின் சுருளை வெட்டியபோது உள்ளே கஞ்சிதான் இருந்தது. போலந்தில் நத்தாருக்கு முதல் நாள் இரவு இறைச்சி உண்ணமாட்டார்கள் என்பதால் காளானும் தானியமும் வைத்தே இந்தச் சுருளைச் செய்கிறார்கள். இது 45 நிமிடத்தில் வெந்துவிடும்.

பரிமாறும்போது இந்த மரக்கறிச் சுருளின் பக்கத்தில் ஒரு கரண்டி எருமைத் தயிர் வையுங்கள். சட்டியின் மேல் ஏடு படிந்த கெட்டித் தயிராக இருக்க வேண்டும்.

15. மேசைக்குக் கொண்டுபோதல்

சூடாக்கிய பின் பதினைந்து நிமிடம் மூடி வையுங்கள்; கொதியோடு தூக்கினால் சுருள் நடுவில் முறியும். அகலமான தட்டகப்பையை அடியில் செலுத்தி, இன்னொரு கரண்டியால் மேலே தாங்கித் தூக்குங்கள். கறுவாப்பட்டையையும் செத்தல் மிளகாயையும் பொறுக்கி எடுத்துவிட்டு, குழம்பை மேலே ஊற்றுங்கள். மஞ்சள் சோற்றோடு நன்றாகப் போகும். நெய்ச்சோறு என்றால் நெய்யைக் குறையுங்கள், இல்லாவிட்டால் குழம்பின் புளிப்பு தெரியாமல் போகும்.

சட்டியின் அடியில் விரித்த இலைகளை அப்படியே எறிந்துவிடாதீர்கள். கருகாதவை குழம்பைக் குடித்து மிருதுவாகக் கிடக்கும். அன்று மாலையே பாணோடு சாப்பிடுங்கள். எங்கள் வீட்டில் அதற்குத்தான் முதலில் கை நீளுகிறது.